இரண்டு ‘உம்’களுக்காக ஒரு நூற்றாண்டு வழக்கு

1952 ஜூன் மாதம். இன்றைய குஜராத்தின் போர்பந்தரில், உப்பளத்தில் வேலை முடித்த தொழிலாளர்கள் வீடு திரும்ப உப்பங்கழியைத் தாண்ட வேண்டும். தாண்டுவதற்குப் படகு. வானிலை மோசம், படகில் ஆளும் அதிகம். படகு கவிழ்ந்தது, சிலர் மூழ்கிப்போனார்கள்.

ஐந்து வருடம் கழித்து, 1957 ஜூலை. பம்பாயில் ஒரு பஸ் டிரைவர் ஷிப்ட் முடிந்து வண்டியை டிப்போவில் விட்டுவிட்டு, வீட்டுக்குப் போக அதே நிறுவனத்தின் இன்னொரு பஸ்ஸில் ஏறினார். வழியில் அது நின்றுகொண்டிருந்த லாரியில் மோதியது. டிரைவர் வெளியே தூக்கியெறியப்பட்டு, காயங்களோடு மருத்துவமனையில் இறந்தார்.

இரண்டுமே வேலை முடிந்து வீடு திரும்பிய வழியில் நேர்ந்த சாவுகள். இரண்டு வழக்கும் இந்திய உச்ச நீதிமன்றம்வரை போயின. 1958-இல் உப்பளக் குடும்பங்கள் தோற்றன. 1963-இல் டிரைவரின் குடும்பம் ஜெயித்தது. சட்டம் ஒன்றுதான், பிரிவும் ஒன்றுதான்.

ஏன் இந்த வித்தியாசம்? உப்பளக்காரர்கள் ஏறியது பொதுப்படகு. ஊரில் யாரும் ஏறலாம், முதலாளியின் ஏற்பாடு ஒன்றும் அதில் இல்லை. படகுத்துறைக்கு வந்த பிறகு அவர்கள் உப்பளத் தொழிலாளர்கள் அல்ல, கழியைக் கடக்கும் பொதுமக்கள் என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. டிரைவர் விஷயம் வேறு. பெரிய நகரம், அவர் நேரத்துக்கு வரவும் களைப்பில்லாமல் திரும்பவும் வேண்டும் என்பதற்காக நிறுவனமே பஸ்ஸில் இலவசப் பயணம் தந்திருந்தது. அந்தப் பயணம் வேலையின் நிபந்தனைகளில் ஒன்றுபோலத்தான், ஆகவே பஸ்ஸில் இருக்கும்வரை வேலை முடியவில்லை என்றார்கள். அதிலும் மூன்று நீதிபதிகளில் ஒருவர் ஒத்துக்கொள்ளவில்லை.

வேலையில் அடிபட்டவருக்கு நஷ்டஈடு கேட்கும் வழக்குகளைப் படிக்கத் தொடங்கும் யாருக்கும் முதலில் வரும் குழப்பம் இது. யார் தப்பு என்ற கேள்வியே இந்த வழக்குகளில் இல்லை. லாரிக்காரர் தப்பா, படகோட்டி தப்பா, யாரும் கேட்கவில்லை. கேட்டதெல்லாம், அந்த நொடியில் இந்த மனிதர் ‘வேலையில்’ இருந்தாரா என்பது மட்டும். இந்தக் கேள்வி எங்கிருந்து வந்தது என்று பார்க்க, ஒரு கறிக்கடை வண்டிவரை பின்னால் போக வேண்டும்.

1835-இல் இங்கிலாந்தின் பீட்டர்பரோவில், பிரீஸ்ட்லி என்ற பையன் ஃபவுலர் என்ற கறிக்கடைக்காரரிடம் வேலை பார்த்தான். அளவுக்கு மீறிப் பாரம் ஏற்றிய வண்டியில் அவனையும் அனுப்ப, வண்டி உடைந்து அவன் தொடை எலும்பு முறிந்தது. ஜூரிகள் 100 பவுண்டு கொடுக்கச் சொன்னார்கள். 1837-இல் மேல் நீதிமன்றத்தில் அபிங்கர் பிரபு அதைத் தள்ளிவிட்டார். அவர் சொன்ன காரணங்களைப் படிக்கும்போது சிரிப்பும் வரும், கோபமும் வரும். இதற்கு எஜமான் பொறுப்பு என்றால், பணிப்பெண் ஈரப் படுக்கையை விரித்துவைத்து வேலைக்காரனுக்குச் சளி பிடித்தாலும் எஜமான்தான் பொறுப்பாக வேண்டும். சமையல்காரர் செய்த தவறுக்கும் அவரே பதில் சொல்ல வேண்டும். எங்கே போய் முடியும் இது? அதோடு, வண்டி தாங்காது என்று பையனுக்கே தெரிந்திருக்கும், பிடிக்காவிட்டால் ஏற மாட்டேன் என்று சொல்லியிருக்கலாமே! எஜமான் ஏறு என்றால் ஏறாமல் இருக்கும் கறிக்கடைப் பையனை அபிங்கர் பிரபு எங்கே பார்த்தார் என்று தெரியவில்லை.

ஐந்து வருடத்தில் இதே வாதம் கடல் தாண்டியது. 1842-இல் மாசசூசெட்ஸ் தலைமை நீதிபதி லெமுவேல் ஷா முன்னால் ஃபார்வெல் என்ற ரயில் ஓட்டுநரின் வழக்கு வந்தது. தண்டவாளம் மாற்றுபவர் செய்த பிழையால் ரயில் தடம்புரண்டு அவருடைய வலது கை போயிருந்தது. ஷாவின் கணக்கு எளிது: ஓட்டுநருக்கு நாளொன்றுக்கு 2 டாலர் சம்பளம். ஆபத்துக்கும் சேர்த்துத்தானே அந்தக் கூடுதல் சம்பளம்? கூட வேலை பார்ப்பவர் கவனமில்லாமல் இருக்கக்கூடும் என்பதும் அந்த ஆபத்தில் அடக்கம். ஆகவே ரயில்வே கம்பெனி ஒன்றும் தர வேண்டாம்.

பத்தொன்பதாம் நூற்றாண்டு முழுக்க முதலாளி தரப்பு வக்கீல்கள் மாற்றி மாற்றிப் பயன்படுத்திய மூன்று கவசங்கள் இப்படித்தான் உருவாயின. உன்னோடு வேலை செய்தவன் தப்பு, என் தப்பு இல்லை. ஆபத்து இருப்பது தெரிந்துதானே வேலைக்கு வந்தாய்? உன் கவனக்குறைவும் கொஞ்சம் இருக்கிறதே! அந்தக் கடைசிக் கவசம்தான் கொடுமையானது. நூற்றில் ஒரு பங்கு கவனக்குறைவு தொழிலாளி பக்கம் இருந்தாலும் மொத்தமும் போச்சு. இந்த மூன்றையும் தாண்டி ஜெயித்தவர்கள் உண்டு, ஆனால் குறைவு. ஜெயித்தவருக்கு ஜூரி பெரிய தொகையாகக் கொடுத்துவிடும் என்ற பயம் முதலாளிகளுக்கு. ஒன்றுமே கிடைக்காது என்ற பயம் தொழிலாளிகளுக்கு.

இந்த முட்டுச்சந்திலிருந்து முதலில் வெளியே வந்தது பிஸ்மார்க்கின் ஜெர்மனி. 1884-இல் விபத்துக் காப்பீட்டுச் சட்டம் வந்தது. தொழில்வாரியாக முதலாளிகள் சங்கம் சேர்ந்து பிரீமியம் முழுவதையும் அவர்களே கட்ட வேண்டும். அடிபட்டவருக்குச் சங்கம் கொடுக்கும். யார் தப்பு என்ற விசாரணை கிடையாது. பிஸ்மார்க்குக்குத் தொழிலாளர்மேல் உருகி வழிந்த பாசமெல்லாம் இல்லை, சோஷலிஸ்டுகள் பக்கம் அவர்கள் சாயாமல் இருக்க வேண்டும் என்ற அரசியல் கணக்குதான். இருந்தாலும் ஏற்பாடு நன்றாகவே அமைந்தது. தொழிலாளியும் முதலாளியும் நேருக்கு நேர் கோர்ட்டில் நிற்க வேண்டாம் என்பது அதன் பெரிய லாபம்.

1897-இல் பிரிட்டன் வேறு வழியில் போனது. சங்கம் கிடையாது, முதலாளியே நேராகக் கொடுக்க வேண்டும். ஜோசப் சேம்பர்லின் முன்னின்று கொண்டுவந்த அந்தச் சட்டம், முதலில் ரயில்வே, சுரங்கம், தொழிற்சாலை போன்ற ஆபத்தான இடங்களுக்கு மட்டும். 1906-இல் ஏறக்குறைய எல்லாருக்கும். உள்ளே இருந்தது ஒரு கொடுக்கல் வாங்கல். தப்பு யாருடையது என்று முதலாளி பேசக் கூடாது. பதிலுக்கு, கிடைப்பது இழந்த சம்பளத்தின் ஒரு பகுதி மட்டுமே. வலிக்கும் வேதனைக்கும் தனியாகக் கிடையாது.

அமெரிக்காவில் இது சுலபமாக நடக்கவில்லை. நியூயார்க் மாநிலம் 1910-இல் இப்படி ஒரு சட்டம் போட்டது. தப்பே செய்யாத முதலாளியிடம் பணம் பிடுங்குவது அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்று அந்த மாநிலத்தின் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை ரத்து செய்தது, 1911 மார்ச் 24-ஆம் தேதி. மறுநாள் சாயங்காலம் நியூயார்க்கில் டிரையாங்கிள் சட்டைத் தொழிற்சாலையில் தீப்பிடித்து 146 பேர் இறந்தார்கள், பெரும்பாலும் புலம்பெயர்ந்து வந்த இளம் பெண்கள். வெளியேறும் கதவு ஒன்று பூட்டியிருந்தது. நியூயார்க் மக்கள் 1913-இல் மாநில சாசனத்தையே திருத்தினார்கள்; 1917-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றமும் புதிய சட்டத்துக்குச் சரி சொன்னது.

இந்தியாவுக்கு வந்தது பிரிட்டிஷ் அச்சு. 1923-இல் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம் இயற்றி, 1924 ஜூலை முதல் அமலானது. பின்னர் ‘ஊழியர் இழப்பீட்டுச் சட்டம்’ என்று பெயர் மாறி, இப்போது 2020-ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்துக்குள் ஓர் அத்தியாயமாகியிருக்கிறது. பெயர் எத்தனை மாறினாலும் 1897-இல் லண்டனில் எழுதிய ஒரு சொற்றொடர் மாறவே இல்லை. தமிழில் அது இப்படி வரும்: வேலையின் காரணமாகவும் வேலையின்போதும் நேர்ந்த விபத்து.

அந்த இரண்டு ‘உம்’களில்தான் எல்லாச் சண்டையும். ‘வேலையின்போது’ என்பது நேரம், இடம் பற்றியது. ‘வேலையின் காரணமாக’ என்பது விபத்துக்கும் வேலைக்கும் உள்ள தொடர்பு பற்றியது. இரண்டும் வேண்டும், ஒன்று மட்டும் போதாது. தப்பு யாருடையது என்ற விவாதத்தை வாசலில் நிறுத்திவிட்டு, கோர்ட்டுக்கு வேலையே இல்லாமல் செய்யத்தான் இந்தச் சட்டத்தை எழுதினார்கள். வாசலில் நிறுத்திய சண்டை ஜன்னல் வழியாக உள்ளே வந்துவிட்டது. 1916-இலேயே, அன்று பிரிட்டனின் உச்ச நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபையின் நீதிபதி ரென்பரி பிரபு, இந்தச் சொற்களைக் கொண்டு எனக்கே திருப்தி தரும்படியோ பிறர் ஏற்கும்படியோ ஒரு வழக்கைத் தீர்க்க முடியும் என்ற நம்பிக்கையை நான் எப்போதோ கைவிட்டுவிட்டேன் என்ற பொருளில் எழுதினார். சட்டம் வந்து இருபது வருடம்கூட ஆகாத நேரம் அது!

‘விபத்து’ என்ற ஒற்றைச் சொல்லுக்கே எத்தனை வழக்கு. ஓர் ஆலைத் தொழிலாளி இறுகிப்போன சக்கரத்தை முழுப் பலத்தோடு திருப்பியபோது குடலிறக்கம் ஆனது. இயந்திரம் வெடிக்கவில்லை, கால் வழுக்கவில்லை. அவர் செய்ய நினைத்ததைத்தான் செய்தார், பிறகு எங்கே விபத்து என்று முதலாளி தரப்பு கேட்டது. 1903-இல் பிரபுக்கள் சபை, எதிர்பாராமல் நேர்ந்த கேடு எதுவானாலும் சாதாரணப் பேச்சில் விபத்துதான் என்றது. இரண்டு வருடத்தில் கம்பளி தரம் பிரிக்கும் தொழிலாளி ஒருவரின் வழக்கு வந்தது. கம்பளியிலிருந்த ஆந்த்ராக்ஸ் கிருமி கண்ணில் பட்டு இறந்துபோனார். அது நோய் அல்லவா, விபத்தாகுமா? கிருமி வந்து கண்ணில் விழுந்ததே எதிர்பாராத அடிதான் என்று தீர்ப்பானது. 1910-இல் இன்னும் ஒரு படி மேலே. ஸ்பானரால் நட்டை முறுக்கும்போது ஒருவர் விழுந்து இறந்தார். பிரேதப் பரிசோதனையில், அவருடைய ரத்தக்குழாய் ஏற்கெனவே எந்த நேரமும் வெடிக்கும் அளவுக்கு வீங்கியிருந்தது தெரிந்தது. தூக்கத்தில்கூட வெடித்திருக்கலாம். ஆனால் வெடித்தது நட்டை முறுக்கும்போது. இழப்பீடு உண்டு என்றார்கள், ஒருமனதாக அல்ல.

இந்த மூன்று தீர்ப்பும் இன்றைக்கும் உயிரோடு இருக்கின்றன. டிரைவர் சீட்டில் மாரடைப்பு வந்தால் வேலைச் சுமையா, ஏற்கெனவே இருந்த நோயா என்ற சண்டைக்கு வேர் அங்கேதான். இந்திய நீதிமன்றங்கள் இதில் இரண்டு பக்கமும் போயிருக்கின்றன. வேலையில் இருக்கும்போது மாரடைப்பு வந்தது என்பது மட்டும் போதாது, வேலையின் அழுத்தம் அதற்குக் காரணமானதைக் காட்ட வேண்டும் என்று 2007-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. காட்டுவது யார்? கேட்பவர்தான்.

சட்டத்தைப் பாராட்டிப் பேசும் பலரும் கவனிக்காத இடம் இது. தப்பை நிரூபிக்க வேண்டாம், சரி. மற்றதையெல்லாம் நிரூபித்தாக வேண்டும். 1961 டிசம்பரில் ஒரு கப்பலில் தளப் பணியாளர் ஒருவர் நெஞ்சுவலி என்று சொல்லியிருந்தார். ஒரு நாள் காணாமல் போனார். கப்பல் முழுக்கத் தேடியும் ஆள் இல்லை, உடலும் கிடைக்கவில்லை. நடுக்கடலில் கப்பலைவிட்டு அவர் எங்கே போயிருக்க முடியும்? உயர் நீதிமன்றம் குடும்பத்துக்குச் சாதகமாகச் சொன்னது. உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது: தவறி விழுந்தாரா, தானே குதித்தாரா என்று சொல்ல எந்தச் சான்றும் இல்லை, ஊகத்தின் பேரில் இழப்பீடு தர முடியாது. சட்டத்தின் தர்க்கம் புரிகிறது. ஆனால் கப்பலும் அதன் பதிவேடுகளும் யார் கையில் இருந்தன என்று யோசித்தால் நெருடுகிறது. வருகைப் பதிவேடு, சம்பளப் பட்டியல், ஷிப்ட் அட்டவணை, விபத்துப் பதிவேடு என எல்லாமே முதலாளி அறையில். தொழிலாளி கையில் பெரும்பாலும் மருத்துவமனைச் சீட்டு ஒன்று. அதில் எப்படி அடிபட்டது என்ற இடத்தில் கூட வந்த சூப்பர்வைசர் சொன்னதை எழுதியிருப்பார்கள். ‘கீழே விழுந்தார்’ என்று மட்டும் இருந்தால் எங்கே விழுந்தார் என்பதற்கே இரண்டு வருடம் வாதாட வேண்டிவரும்.

இனி ‘வேலையின்போது’. வேலை செய்யும் இடம் வாசல் கேட்டோடு முடிந்துவிடாது, இடத்திலும் நேரத்திலும் கொஞ்சம் இழுத்துக்கொள்ளலாம் என்பதை எல்லா நாட்டு நீதிமன்றங்களும் ஒத்துக்கொள்கின்றன. எவ்வளவு இழுக்கலாம் என்பதில்தான் தகராறு. வீட்டிலிருந்தே வேலை என்று வந்த பிறகு இது வேடிக்கையான இடங்களுக்கெல்லாம் போயிருக்கிறது. ஜெர்மனியில் வீட்டில் வேலை செய்துகொண்டிருந்த ஒரு பெண் தண்ணீர் குடிக்கச் சமையலறைக்குப் போகும்போது படியில் விழுந்தார். 2016-இல் அந்நாட்டின் உச்ச சமூக நீதிமன்றம், தண்ணீர் குடிப்பது சொந்தக் காரியம், காப்பீடு இல்லை என்றது. அதே நீதிமன்றத்துக்கு 2021-இல் இன்னொரு வழக்கு. காலையில் படுக்கையிலிருந்து எழுந்து நேராகக் கீழே உள்ள வேலை அறைக்குப் போனவர் சுழல்படியில் விழுந்து முதுகெலும்பு முறிந்தது. அது வேலைக்குப் போகும் பயணம், ஆகவே வேலை விபத்து என்று தீர்ப்பு! காபி குடிக்க அவர் வழியில் திரும்பியிருந்தால் கதை வேறாகியிருக்கும். இதற்கு நேர்மாறாக, ஆஸ்திரேலியாவில் வீட்டிலிருந்து வேலை பார்த்த பெண் ஒருவர் இருமல் மருந்து எடுக்கக் காலுறையோடு படியில் இறங்கி விழுந்தபோது, 2011-இல் அங்குள்ள தீர்ப்பாயம் இழப்பீடு உண்டு என்றது. தண்ணீருக்குக் கிடையாது, மருந்துக்கு உண்டு.

எங்கே இருந்தார் என்பதோடு, ஏன் அங்கே இருந்தார் என்றும் கேட்பது ஓரளவு வெளிச்சம் தரும் என்பது என் எண்ணம். ஸ்காட்லாந்தில் கொட்டகையில் மீன் அடுக்கிக்கொண்டிருந்த ஒரு பெண்மேல், பக்கத்து இடத்துச் சுவர் சரிந்து கூரையோடு விழுந்தது. சுவருக்கும் மீனுக்கும் என்ன சம்பந்தம் என்று முதலாளி கேட்டார். 1917-இல் பிரபுக்கள் சபை சொன்னதன் சாரம்: வேலைதான் அவரை அந்தக் கூரையின்கீழ் நிற்கவைத்தது, அது போதும். உப்பளத் தொழிலாளர்களைக் கழியின் அந்தப் பக்கம் கொண்டுபோய் நிறுத்தியதும் வேலைதானே என்று நமக்குக் கேட்கத் தோன்றும்.

சரி, விபத்து என்றும் ஆகிவிட்டது, வேலையில் என்றும் ஆகிவிட்டது. எவ்வளவு? அடுத்த போர் இங்கே. உடம்புக்கு விலைப்பட்டியல் போட்டிருக்கிறார்கள் என்றால் கேட்கக் கடினமாக இருக்கும், ஆனால் உண்மை அதுதான். இந்தியச் சட்ட அட்டவணைப்படி கட்டைவிரல் போனால் 30 சதவீதம். ஆள்காட்டி விரல் முழுதும் போனால் 14, நடுவிரல் 12, மோதிர விரலோ சுண்டுவிரலோ 7. இந்தச் சதவீதம் சம்பாதிக்கும் திறனில் எத்தனை பங்கு போனது என்பதைக் குறிக்கும். 2020 ஜனவரியில் நிர்ணயித்த மாத உச்சவரம்பான 15,000 ரூபாய்ச் சம்பளத்தில் 30 வயதுக்காரரை வைத்துக் கணக்குப் போட்டுப் பார்ப்போம். முழுநிரந்தர ஊனம் என்றால் சம்பளத்தில் 60 சதவீதமான 9,000-ஐ, அந்த வயதுக்கு அட்டவணை தரும் 207.98 என்ற எண்ணால் பெருக்க வேண்டும். 18,71,820 ரூபாய். கட்டைவிரலுக்கு அதில் 30 சதவீதம், 5,61,546. அவர் மாதம் 30,000 வாங்கியிருந்தாலும் கணக்கு 15,000-க்குத்தான். முதலாளி தரப்பு சம்பளத்தைக் குறைத்தும், தொழிலாளி தரப்பு கூட்டியும் சொல்வது ஏன் என்றும், பேட்டாவும் ஓவர்டைமும் சம்பளத்தில் சேருமா என்று பக்கம் பக்கமாக வாதம் ஏன் என்றும் இந்தப் பெருக்கலைப் பார்த்தாலே விளங்கிவிடும்.

அட்டவணையை அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது என்று காட்டிய வழக்கு ஒரு தச்சருடையது. ஒரிசாவில் ஒரு சினிமா தியேட்டரில் அலங்கார வேலை செய்துகொண்டிருந்தவர், 1968-இல் கீழே விழுந்து இடது கையை முழங்கைக்கு மேலே வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று. அட்டவணைப்படி அது பகுதி ஊனம்தான், நூறு சதவீதம் ஆகாது என்றார் முதலாளி. இழப்பீட்டு வழக்குகளை முதலில் விசாரிக்கும் அதிகாரியான ஆணையர், நூறு சதவீதம் என்று 9,800 ரூபாய் போட்டார். முதலாளி உச்ச நீதிமன்றம்வரை போனார். 1976-இல் நான்கு நீதிபதிகள் சொன்ன காரணத்தைத் தச்சுப்பட்டறையில் நின்று பார்த்த யாரும் சொல்லிவிடுவார்கள்: தச்சு வேலையை ஒரு கையால் செய்ய முடியாது. ஒரு கை மரத்தைப் பிடிக்க வேண்டும், மறு கை உளியையோ ரம்பத்தையோ. கணக்கு எழுதுபவருக்கு இதே இழப்பு வேறு அளவு. அதனால் டாக்டர் உடம்பில் எத்தனை சதவீதம் என்று எழுதுவது ஒன்று, பிழைப்பில் எத்தனை சதவீதம் என்பது வேறொன்று. மெடிக்கல் போர்டு 40 என்று எழுதினால் அதையே பிழைப்புக்கும் எழுதிவிடும் பழக்கம் இன்னும் போகவில்லை.

அதே தீர்ப்பில் இன்னொன்றும் இருந்தது. இழப்பீடு எப்போது பாக்கியாகிறது? ஆணையர் தீர்ப்புச் சொன்ன நாளிலா, விபத்து நடந்த நாளிலா? விபத்து நடந்த நாளில் என்றார்கள். வெறும் தேதிப் பிரச்சினை மாதிரி தெரியும், ஆனால் பணம் எல்லாம் இதில் இருக்கிறது. ஒரு மாதத்துக்குள் கொடுக்காவிட்டால் 12 சதவீத வட்டி. நியாயமான காரணம் இல்லாமல் தாமதித்தால் தொகையில் 50 சதவீதம்வரை அபராதம். வழக்கு பத்து வருடம் ஓடினால் வட்டி அசலைத் தாண்டும். அப்படித் தெளிவாகச் சொன்ன பிறகும் பிந்தைய தீர்ப்புகள் சில வேறு மாதிரிச் சொல்லிவைக்க, 2012-இல் உச்ச நீதிமன்றம் மறுபடி 1976-க்கே திரும்ப வேண்டியிருந்தது. வாகனக் காப்பீடு உள்ள வழக்குகளில் வட்டியை இன்சூரன்ஸ் கம்பெனி கொடுக்க வேண்டும், ஆனால் அபராதம் முதலாளி பாக்கெட்டிலிருந்துதான் வர வேண்டும் என்பது 1997-இல் முடிவானது. காலம் தாழ்த்தியவர் அவர் அல்லவா?

குடித்திருந்தார், பாதுகாப்பு மறைப்பை வேண்டுமென்றே கழற்றினார், உத்தரவை மீறினார் என்ற வாதங்களுக்குச் சட்டம் சிறிய இடம் மட்டும் விட்டிருக்கிறது. சாவிலும் முழுநிரந்தர ஊனத்திலும் இவை எடுபடாது. சின்னக் காயங்களில் எடுபடும். பிரஸ் மெஷினில் விரலை இழந்தவரிடம் அந்த மறைப்பை ஏன் கழற்றினாய் என்று கேட்கும் வக்கீல், உற்பத்தி இலக்கு எத்தனை என்று கேட்க மாட்டார். அதைத் தொழிலாளியின் வக்கீல் கேட்க வேண்டும். மறைப்போடு அந்த இலக்கை எட்டவே முடியாது என்பது ஷாப் ஃப்ளோரில் எல்லாருக்கும் தெரியும்.

யார் முதலாளி என்பதற்கும் வழக்கு உண்டு. கான்ட்ராக்டர் ஆள், எங்கள் ஆள் இல்லை என்பது முதல் பதில். 1923 சட்டமே அதற்கு விடை வைத்திருந்தது: தன் தொழிலின் ஒரு பகுதியைக் கான்ட்ராக்டரிடம் விட்டவர், அடிபட்டவருக்குத் தானே கொடுத்துவிட்டுக் கான்ட்ராக்டரிடம் பிறகு வாங்கிக்கொள்ளலாம். செயலி வழியாக வேலை வாங்கும் நிறுவனங்கள் விஷயத்தில் அப்படித் தயாராக விடை இல்லை. புதிய தொகுப்புச் சட்டம் அந்த வேலைக்காரர்களைத் தனியாக வரையறுத்தாலும் ஊழியர் என்று சொல்லவில்லை. ஈஎஸ்ஐ என்ற தொழிலாளர் அரசுக் காப்பீடு உள்ள இடங்களில் இந்தத் தலைவலி கொஞ்சம் குறைவு. அங்கே கொடுப்பது ஈஎஸ்ஐ கார்ப்பரேஷன், முதலாளிமேல் இழப்பீட்டு வழக்கே போட முடியாது. அந்தத் தடையால் தொகை குறைகிறது என்ற மனக்குறையும் தொழிலாளர்களிடம் உண்டு.

கோர்ட்டுக்கு வராமலே முடியும் வழக்குகள்தான் என்னை அதிகம் உறுத்துவது. மருத்துவமனைக் கட்டில், கட்டுப்போட்ட கை, ஸ்டாம்ப் பேப்பர், மசிப்பேடு. மற்றக் கையின் பெருவிரலைப் பிடித்து உருட்டுகிறார்கள். ‘முழுத் திருப்தியாகப் பெற்றுக்கொண்டேன், இனி எனக்கு எந்தப் பாத்தியமும் இல்லை.’ அந்தக் காகிதத்துக்குச் சட்டத்தில் பலம் இல்லை. உரிமையை விட்டுக்கொடுக்கும் ஒப்பந்தம் செல்லாது. சமரசம் என்றால் ஆணையரிடம் பதிவாக வேண்டும், தொகை போதாது என்று தெரிந்தால் அவர் பதிவுசெய்ய மறுக்கலாம். இறந்தவர் குடும்பத்துக்கான தொகையை ஆணையரிடம்தான் கட்ட வேண்டும். நேராகக் கொடுத்தது, சிறிய முன்பணம் தவிர, கணக்கில் வராது. ஆனால் இதெல்லாம் கைரேகை வைத்தவருக்குத் தெரிவதற்குள் வழக்குப் போட வேண்டிய இரண்டு வருடக் கெடு பல சமயம் தாண்டிவிடும். தாமதத்துக்குப் போதிய காரணம் காட்டினால் ஆணையர் ஏற்கலாம் என்று இருக்கிறது. காரணம் போதுமா என்பது இன்னொரு வழக்கு.

மேல்முறையீட்டில் ஒரு நல்ல ஏற்பாடு உண்டு. முதலாளி அப்பீல் போக வேண்டுமானால் முழுத்தொகையையும் முதலில் ஆணையரிடம் கட்டிவிட்டு, கட்டியதற்கான சான்றோடு வர வேண்டும். சட்டக் கேள்வி இருந்தால்தான் அப்பீல், நடந்தது என்ன என்பதில் ஆணையர் சொல்வதே முடிவு. இருந்தும் உயர் நீதிமன்றங்களில் கோப்புகள் குவிந்திருக்கின்றன, ஏனென்றால் அந்த இரண்டு ‘உம்’களையும் எப்போதும் சட்டக் கேள்வியாக மாற்றிவிடலாம்.

மறுபடி ரோட்டுக்கு வருவோம். 1971-இல் ஒரு தொழிலாளி மாலை 4.30 ஷிப்டுக்குச் சைக்கிளில் போய்க்கொண்டிருந்தார். மணி 4.15. தொழிற்சாலைக்கு இன்னும் ஒரு கிலோமீட்டர். லாரி மோதியது. 25 வருடம் கழித்து, 1996-இல், உச்ச நீதிமன்றம் அது வேலை விபத்து அல்ல என்றது; ரோட்டில் போகும் எல்லாருக்கும் உள்ள ஆபத்துதான் அது. 2010-இல் ஈஎஸ்ஐ சட்டத்தைத் திருத்தி, வீட்டுக்கும் வேலையிடத்துக்கும் இடையிலான பயணத்தில் நேரும் விபத்தும், வேலையோடு தொடர்பு தெரிந்தால், வேலை விபத்தே என்று எழுதினார்கள். புதிய தொகுப்புச் சட்டத்திலும் அப்படியே வந்துவிட்டது. ஆனால் ஈஎஸ்ஐ வராத பழைய வழக்குகள்?

2003 ஏப்ரலில் மகாராஷ்டிரத்தில் ஒரு சர்க்கரை ஆலைக் காவலாளி, அதிகாலை 3 மணிக்குத் தொடங்கும் ஷிப்டுக்காக பைக்கில் போனார். ஆலைக்கு ஐந்து கிலோமீட்டர் இருக்கும்போது விபத்தில் இறந்தார். ஆணையர் 3,26,140 ரூபாயும் வட்டியும் கொடுக்கச் சொன்னார். உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அந்த நேரத்தில் அந்தச் சாலையில் அவர் போனதற்கு வேலையைத் தவிர வேறென்ன காரணம் இருக்க முடியும் என்பதுதான் வழக்கின் மையம். 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம், ஈஎஸ்ஐ திருத்தம் புதிதாக எதையும் கொண்டுவரவில்லை, ஏற்கெனவே இருந்த பொருளைத்தான் தெளிவுபடுத்தியது என்று சொல்லி, அதே பொருளைக் காவலாளியின் வழக்கிலும் வைத்துப் படித்து, ஆணையரின் உத்தரவை மீட்டது. சைக்கிள்காரர் ஒரு கிலோமீட்டரில் தோற்றார், காவலாளியின் குடும்பம் ஐந்து கிலோமீட்டரில் ஜெயித்தது. மேல்முறையீட்டில் தொகை கூடவில்லை. 2003 கணக்கின் அதே 3,26,140, கூட 22 வருட வட்டி.